பக்கத் திரைக்குப் பின்னால் நின்று பார்த்தவர்

வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில் மேடை நகைச்சுவையைப் பற்றி எழுதியபோது, மைக்கேல் ஃப்ரேன் என்ற பிரிட்டிஷ் எழுத்தாளரையும் அவருடைய 'நாய்ஸஸ் ஆஃப்' நாடகத்தையும் ஒரே வரியில் தொட்டுச் சென்றிருந்தேன். அந்த ஒரு வரி போதாது என்று வாசகர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் சொல்வது சரி. ஆகவே இம்முறை பகுதி முழுவதையும் அவரைப் பற்றிய கேள்விகளுக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: ஃப்ரேன் தத்துவம் படித்தவர், நீண்டகாலம் பத்திரிகையில் பணியாற்றியவர் என்று கேள்விப்பட்டேன். அப்படிப்பட்டவர் நகைச்சுவை நாடகத்துக்கு எப்படி வந்தார்? (நாகர்கோவில் வாசகர்)

பதில்: நேர்வழியில் வரவில்லை. அரங்கம் அவரை இரண்டு முறை திருப்பி அனுப்பிய பிறகுதான் உள்ளே வந்தார்.

1933-இல் லண்டனின் மில் ஹில் பகுதியில் பிறந்த ஃப்ரேன், நகருக்குத் தெற்கே உள்ள யூவெல் என்ற ஊரில் வளர்ந்தார். தந்தை கல்நார்ப் பொருள்களை விற்கும் விற்பனையாளர், காது மந்தமானவர். ஃப்ரேனுக்கு 12 வயதானபோது தாய் திடீரென இறந்துபோனார். பனிப்போர்க் காலமாதலால், கட்டாய ராணுவச் சேவையில் சேர்ந்த இளைஞர்களில் சிலருக்கு அரசு ரஷ்ய மொழி கற்பித்தது; ஃப்ரேனுக்கும் அந்த வாய்ப்புக் கிடைத்தது. பின்னாளில் அவரைப் போலவே புகழ்பெற்ற நாடகாசிரியரான ஆலன் பென்னட்டும் அந்தப் பயிற்சியில் இருந்தார். அதன்பின் கேம்பிரிட்ஜில் எம்மானுவேல் கல்லூரியில் தத்துவம் படித்தார்.

அங்கே, 1957-இல், ஃபுட்லைட்ஸ் என்ற மாணவர் நகைச்சுவைக் குழுவின் ஆண்டு நிகழ்ச்சியில் பெரும்பகுதியை எழுதியவர் ஃப்ரேன்தான். அக்குழுவின் நல்ல நிகழ்ச்சிகள் லண்டன் மேடைக்குப் போவதுண்டு, அவருடையது போகவில்லை. அந்த ஏமாற்றத்தில் அரங்கத்திலிருந்தே விலகி, 'கார்டியன்' நாளிதழில் செய்தியாளராகச் சேர்ந்து, விரைவில் பத்தி எழுத்தாளராகி, 1962-இல் 'அப்சர்வர்' வார இதழுக்கு மாறி, 1968 வரை அங்கே எழுதினார். அந்தப் பத்திகளை வெறும் கருத்துரைகள் என்று நினைத்துவிட வேண்டாம். மக்கள் தொடர்பு ஆலோசகர் ஒருவர், நவநாகரிகத் தம்பதியர் என்று கற்பனை மாந்தர்களைப் படைத்து, அவர்களைப் பேசவிட்டே சமகால வாழ்க்கையைச் சித்திரித்தார். உரையாடல் எழுதும் கை அங்கேதான் பழகியது என்பது என் கருத்து.

அறுபதுகளின் இறுதியில், திருமணத்தைப் பற்றிய குறுநாடகத் தொகுப்பு ஒன்றுக்கு அவரிடம் ஒரு நாடகம் கேட்டார்கள். கைக்குழந்தையோடு விடுதியில் தங்கும் இளம் தம்பதியரைப் பற்றி எழுதிக் கொடுத்தார். குழந்தைக்கு மேடையில் அணையாடை மாற்றும் காட்சி அருவருப்பானது என்று தயாரிப்பாளர் மறுத்துவிட்டார். ஃப்ரேன் இம்முறை விலகிப் போகவில்லை. மேலும் மூன்று குறுநாடகங்கள் எழுதி, நான்கையும் சேர்த்து 'தி டூ ஆஃப் அஸ்' என்ற பெயரில் 1970-இல் லண்டன் காரிக் அரங்கில் மேடையேற்றினார். ரிச்சர்ட் பிரையர்ஸ், லின் ரெட்கிரேவ் என்ற இரு நடிகர்கள்தான் எல்லாப் பாத்திரங்களையும் ஏற்றார்கள். அப்போது ஃப்ரேனுக்கு 36 வயது.

கேள்வி: 'நாய்ஸஸ் ஆஃப்' நாடகத்தைச் சிறந்த நகைச்சுவை நாடகங்களில் ஒன்றாகச் சொல்கிறார்கள். கதையைப் படித்துப் பார்த்தேன். கதவுகளைத் திறந்து மூடி ஓடுவதைத் தவிர அதில் என்ன இருக்கிறது? (திருச்சி வாசகர்)

பதில்: உங்கள் கேள்வியில் உள்ள ஐயம் நியாயமானது. இந்த நாடகத்தைப் படித்துச் சிரிப்பது கடினம். அதன் பெருமை அதன் அமைப்பில் இருக்கிறது. ஆகவே அமைப்பைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

மேடைக்கு வெளியிலிருந்து கேட்க வேண்டிய ஓசைகளைக் குறிப்பதற்கு ஆங்கில நாடகப் பிரதிகளில் எழுதும் சொற்கள்தாம் 'நாய்ஸஸ் ஆஃப்'. இதன் விதை 1970-இலேயே விழுந்துவிட்டது. முன்னர் சொன்ன நான்கு குறுநாடகங்களில் கடைசியானது ஒரு ஃபார்ஸ். ஒரு தவற்றை மறைக்க அடுத்த தவறு, அதை மறைக்க இன்னொன்று என்று விரைந்து ஏறிக்கொண்டே போகும் நகைச்சுவை வகை அது. அதில் இரண்டு நடிகர்களே ஐந்து பாத்திரங்களை ஏற்றதால், ஒரு கதவு வழியாக வெளியேறி, இருட்டில் ஓடியபடியே உடை மாற்றி, மறு கதவு வழியாக வேறு ஆளாக நுழைய வேண்டியிருந்தது. ஒருநாள் ஃப்ரேன் அதைப் பக்கத் திரைக்குப் பின்னால் நின்று பார்த்தார். முன்னால் நடந்ததைவிடப் பின்னால் நடந்தது அதிகச் சிரிப்பை வரவழைத்தது. பின்புறத்திலிருந்து பார்க்கும் ஒரு ஃபார்ஸ் எழுத வேண்டும் என்ற எண்ணம் அங்கே பிறந்தது. 1977-இல் 'எக்ஸிட்ஸ்' என்ற பெயரில் அதை ஒரு குறுநாடகமாக எழுதிப் பார்த்தார். தயாரிப்பாளர் மைக்கேல் காட்ரன் அதை முழு நாடகமாக விரிக்கச் சொன்னார். 1982 பிப்ரவரியில், மைக்கேல் பிளேக்மோர் இயக்கத்தில், ஹேமர்ஸ்மித் லிரிக் அரங்கில் 'நாய்ஸஸ் ஆஃப்' அரங்கேறியது. பிறகு சவாய் அரங்குக்கு மாறி 1987 வரை ஓடியது; நியூயார்க்கின் பிராட்வேயில் 553 காட்சிகள் நடந்தது. பார்த்ததற்கும் எழுதி முடித்ததற்கும் இடையே 12 ஆண்டுகள் கடந்திருந்தன.

நாடகத்துக்குள் ஒரு நாடகம் நடக்கிறது. 'நத்திங் ஆன்' என்ற மூன்றாந்தர ஃபார்ஸை ஊர் ஊராகக் கொண்டு செல்லும் குழு ஒன்று. முதல் பகுதியில், நாளை அரங்கேற்றம் என்ற நிலையில் நள்ளிரவு வரை ஒத்திகை இழுக்கிறது. மத்தி மீன் தட்டை எடுத்துச் செல்வதா, வைத்துவிட்டுப் போவதா என்று மூத்த நடிகை குழம்புகிறார். கதவு மூட மறுக்கிறது. தன் பாத்திரம் ஒரு பெட்டியை ஏன் அடுத்த அறைக்கு எடுத்துச் செல்கிறது என்று காரணம் கேட்டு ஒரு நடிகர் இயக்குநரை வாட்டுகிறார். இரண்டாம் பகுதியில், ஒரு மாதம் கழித்து, அதே நாடகத்தின் அதே காட்சியைக் காண்கிறோம். ஆனால் அரங்க அமைப்பே திருப்பி வைக்கப்பட்டிருக்கிறது. நாம் பார்ப்பது அதன் பின்புறம். நடிகர்களுக்கிடையே காதலும் பொறாமையும் பகையும் வளர்ந்துவிட்டன. அந்தப் பக்கத்தில் பார்வையாளர்கள் அமர்ந்திருப்பதால் யாரும் இங்கே வாய் திறந்து சண்டையிட முடியாது. மது பாட்டிலும் பூங்கொத்தும் தீயணைப்புக் கோடரியும் கைமாறிக்கொண்டே இருக்க, முழுச் சண்டையும் ஊமைக்கூத்தாக நடக்கிறது. ஒவ்வொருவரும் தம் முறை வந்ததும் கதவைத் திறந்து மறுபக்கம் சென்று, ஒன்றுமே நடக்காததுபோல் வசனம் பேசுகிறார்கள். மூன்றாம் பகுதியில் மீண்டும் முன்புறம். சுற்றுப்பயணம் முடியும் தறுவாயில் நாடகம் மேடையிலேயே நொறுங்கி விழுகிறது.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். ஒரே காட்சியை மூன்று முறை பார்க்கிறோம். மூன்று முறையும் நம் அறிவு மாறிவிடுகிறது. முதல் பகுதியில் அந்த வசனங்களை நமக்கே தெரியாமல் மனப்பாடம் செய்துவிடுகிறோம். அதனால்தான் இரண்டாம் பகுதியில், சுவருக்கு அப்பால் கேட்கும் ஒரு சொல்லை வைத்தே எந்தக் கதவு எப்போது திறக்கப்போகிறது என்று ஊகிக்க முடிகிறது. மூன்றாம் பகுதியில் மூடிய கதவு ஒன்றைப் பார்த்தாலே அதற்குப் பின்னால் என்ன கைகலப்பு நடக்கிறதோ என்று நம் மனம் கற்பனை செய்துகொள்கிறது. பார்வையாளனின் அறிவையே கருவியாக்கிச் சிரிக்க வைக்கும் இந்த வேலையைத் தத்துவம் படித்த ஒருவர் செய்தது எனக்கு வியப்பளிக்கவில்லை. நாம் அறிந்திருப்பது எதை, எங்கே நின்று அறிகிறோம் என்பது அவர் வாழ்நாள் முழுவதும் கேட்டுக்கொண்ட கேள்வி.

அந்தக் குழுவில் புரூக் என்ற இளம் நடிகை இருக்கிறாள். எதிரில் இருக்க வேண்டியவர் இல்லாவிட்டாலும், கையில் இருக்க வேண்டிய பொருள் இல்லாவிட்டாலும், அவள் எழுதிவைத்த வசனத்தை எழுதிவைத்தபடியே சொல்லிக்கொண்டு போவாள். மற்றவர்கள் தட்டுத்தடுமாறி ஏதாவது சொல்லிச் சமாளிக்க முயல்வார்கள். குலைந்துபோன உலகத்தின் முன் மனிதர்கள் நடந்துகொள்ளும் இருவேறு முறைகள் இவை. இதைத்தான் வெறும் ஓட்டம் அல்ல என்கிறேன்.

கேள்வி: அவருடைய மற்ற நகைச்சுவை நாடகங்களும் இதே பாணிதானா? எதில் தொடங்கலாம்? (ஈரோடு வாசகர்)

பதில்: பாணி வேறு, அடியில் ஓடும் அக்கறை ஒன்றே. 1975-இல் ஹாம்ஸ்டெட் அரங்கில் வந்த 'ஆல்ஃபபெட்டிக்கல் ஆர்டர்' நாடகத்தில் தொடங்குங்கள் என்பேன். ஒரு வட்டார நாளிதழின் செய்தி நறுக்குகளைச் சேர்த்துவைக்கும் அறைதான் களம். எல்லாம் தாறுமாறாகக் கிடக்கும் அந்த அறைக்கு, ஒழுங்கே உருவான இளம் உதவியாளர் ஒருத்தி வந்து சேர்கிறாள். இரண்டாம் பகுதியில் அறை பளிச்சென்று இருக்கிறது. எல்லாக் கோப்புகளும் அகரவரிசையில் நிற்கின்றன. அங்கே வேலை செய்த மனிதர்களிடம் இருந்த உயிரோட்டம் மட்டும் குறைந்துவிடுகிறது. பத்திரிகை அலுவலகத்தில் பணியாற்றிய எவருக்கும் அந்த அறை தெரிந்த அறையாகவே இருக்கும். எனக்கும் அப்படித்தான் இருந்தது. அவ்வாண்டின் சிறந்த நகைச்சுவை நாடகத்துக்கான 'ஈவ்னிங் ஸ்டாண்டர்ட்' விருதை அது பெற்றது. பழைய மாணவர் சந்திப்பைக் களமாகக் கொண்ட 'டாங்கீஸ் இயர்ஸ்' அடுத்த ஆண்டே வந்தது. 1980-இல் எழுதிய 'மேக் அண்ட் பிரேக்', ஜெர்மனியின் ஃபிராங்க்ஃபர்ட் வணிகக் கண்காட்சியில், விற்பனையைத் தவிர வேறெதுவும் அறியாத ஒருவனைப் பற்றியது. விற்பனையாளரின் மகன் எழுதியது என்பதை நினைவில் வைத்துப் படித்தால் அதில் பரிவும் தெரியும்.

கேள்வி: மேடையில் இவ்வளவு வெற்றி பெற்றவர் திரைப்படத்தில் அந்த அளவு பேசப்படாதது ஏன்? (சேலம் வாசகர்)

பதில்: 1986-இல் வெளிவந்த 'கிளாக்வைஸ்' படத்தைப் பார்த்தால் உங்கள் கருத்தைச் சற்று மாற்றிக்கொள்வீர்கள். கிறிஸ்டோபர் மொராஹன் இயக்கிய அந்தப் படத்தின் திரைக்கதை ஃப்ரேன் எழுதியது. ஜான் கிளீஸ் நடித்த பிரையன் ஸ்டிம்சன், நேரம் தவறுவதைப் பெருங்குற்றமாகக் கருதும் தலைமையாசிரியர். அவருடைய பள்ளிக்கு, பதினேழாம் நூற்றாண்டின் புகழ்பெற்ற கடிகாரக் கலைஞர் தாமஸ் டாம்பியன் பெயரை வைத்திருக்கிறார் ஃப்ரேன். நாரிச் நகரில் நடக்கும் தலைமையாசிரியர் மாநாட்டுக்குத் தலைமையேற்கப் புறப்படும் ஸ்டிம்சன், தவறான ரயிலில் ஏறிவிடுகிறார். அதற்குக் காரணம் அவருடைய ஒரு பேச்சுப் பழக்கம். 'சரி' என்ற பொருளில் அவர் அடிக்கடி சொல்லும் ஆங்கிலச் சொல்லுக்கு 'வலப்பக்கம்' என்றும் பொருள் உண்டு. அந்தச் சொல்லே அவரைக் குழியில் தள்ளுகிறது. அங்கிருந்து ஒவ்வொரு மணி நேரமும் அவர் கட்டிவைத்த ஒழுங்கிலிருந்து ஒரு கல் உருவப்படுகிறது. விரக்தியைத் தன்னால் தாங்கிக்கொள்ள முடியும், நம்பிக்கையைத்தான் தாங்க முடியவில்லை என்று வழியில் அவர் சொல்லும் வசனம் ஆங்கிலத்தில் இன்றும் எடுத்தாளப்படுகிறது. எல்லாம் முடிந்துவிட்டது என்று ஆனபின் கிடைக்கும் சிறு வாய்ப்பு மனிதனை மேலும் வதைக்கும் என்பதை இவ்வளவு சுருக்கமாகச் சொன்ன நகைச்சுவை வசனம் வேறொன்று எனக்கு நினைவில் இல்லை.

தொலைக்காட்சிக்காக அவர் எழுதிய 'ஃபர்ஸ்ட் அண்ட் லாஸ்ட்' என்ற படமும் குறிப்பிடத்தக்கது. பணி ஓய்வு பெற்ற ஒருவர் பிரிட்டனின் தென்மேற்கு முனையிலிருந்து வடகோடி வரை நடந்தே செல்லும் கதை அது. சர்வதேச எம்மி விருது அதற்குக் கிடைத்தது.

உங்கள் கேள்வி 1992-இல் வந்த 'நாய்ஸஸ் ஆஃப்' திரைப்படத்தை மனத்தில் வைத்து எழுந்தது என்றால், அதன் திரைக்கதை ஃப்ரேன் எழுதியதன்று. பீட்டர் போக்டனோவிச் இயக்கத்தில் மைக்கேல் கெய்ன், கேரல் பர்னெட் போன்ற தேர்ந்த நடிகர்கள் இருந்தும் அது எடுபடவில்லை. மேடையில் ஏழெட்டுப் பேர் ஒரே நேரத்தில் ஓடும்போது, யாரைப் பார்ப்பது என்று நாமே தேர்ந்துகொள்கிறோம். ஒருவரைப் பார்க்கும் நொடியில் இன்னொருவரைத் தவறவிடுகிறோம். திரையில் அந்தத் தேர்வைக் காமிரா செய்துவிடுகிறது. மேலும், தட்டு உண்மையிலேயே கைதவறி விழுந்துவிடுமோ என்ற அச்சம் மேடையில் ஒவ்வோர் இரவும் உண்டு. படத்தொகுப்பு முடிந்த திரைப்படத்தில் அதற்கு இடமில்லை.

கேள்வி: செகாவ் நாடகங்களை அவர் மொழிபெயர்த்திருப்பதாகப் படித்தேன். நகைச்சுவை எழுத்தாளருக்கு செகாவ் எதற்கு? (புதுச்சேரி வாசகர்)

பதில்: ரஷ்ய எழுத்தாளர் செகாவை அழுகுணி எழுத்தாளராக மட்டுமே நாம் அறிந்திருப்பதால் எழும் கேள்வி இது. 'தி செர்ரி ஆர்ச்சர்ட்' நாடகத்தை நகைச்சுவை என்றே குறித்தவர் செகாவ். இங்கிலாந்தில் நாடகாசிரியர்கள் பலர், வேறொருவர் சொல்லுக்குச் சொல் பெயர்த்துத் தந்த பிரதியை வைத்துக்கொண்டு தங்கள் வடிவத்தை எழுதுவது வழக்கம். ஃப்ரேன் ராணுவச் சேவையில் கற்ற ரஷ்ய மொழியின் துணையோடு மூலத்திலிருந்தே மொழிபெயர்த்தார். மேடையையும் அறிந்தவர், மொழியையும் அறிந்தவர் என்ற சேர்க்கை அரிது. 'தி செர்ரி ஆர்ச்சர்ட்' மொழிபெயர்ப்பு 1978-இல் லண்டன் நேஷனல் தியேட்டரில் மேடையேறியது. செகாவ் இளமையில் எழுதிவிட்டுத் தலைப்புக்கூட இல்லாமல் விட்டுப்போன, முழுமையாக நடித்தால் பல மணி நேரம் நீளக்கூடிய நாடகம் ஒன்றைச் செதுக்கி, 'வைல்ட் ஹனி' என்று பெயரிட்டு 1984-இல் தந்தார். இயான் மெக்கெல்லன் நடித்தார். முன்னோடி ஒருவரின் கையெழுத்துப் பிரதியில் எதை வெட்டுவது, எதை வைப்பது என்று தீர்மானிக்கும் துணிவு, ஃபார்ஸ் எழுதிப் பழகிய கைக்கே வரும் என்று நினைக்கிறேன்.

கேள்வி: 'கோபன்ஹேகன்' போன்ற கனமான நாடகம் எழுதியபின் அவர் நகைச்சுவையைக் கைவிட்டுவிட்டார் என்று சொல்லலாமா? (சென்னை வாசகர்)

பதில்: சொல்ல முடியாது. 1941-இல், ஜெர்மனி ஆக்கிரமித்திருந்த டென்மார்க்கின் தலைநகருக்கு, ஜெர்மானிய இயற்பியலாளர் ஹைசன்பர்க் தம் ஆசான் நீல்ஸ் போரைக் காணச் சென்றார். அணுகுண்டைப் பற்றி இருவரும் என்ன பேசினார்கள் என்பதில் பிற்பாடு இருவர் நினைவும் ஒத்துப்போகவில்லை. மறைந்துபோன ஹைசன்பர்க்கும் நீல்ஸ் போரும் அவர் மனைவி மார்கரெத்தும் மீண்டும் கூடி அந்தச் சந்திப்பைத் திரும்பத் திரும்ப நிகழ்த்திப் பார்ப்பதே 1998-இல் வந்த இந்த நாடகம். 2000-ஆம் ஆண்டின் சிறந்த நாடகத்துக்கான, அமெரிக்க நாடக உலகின் டோனி விருதைப் பெற்றது. அது கிளப்பிய விவாதத்தைத் தொடர்ந்து, நீல்ஸ் போர் ஹைசன்பர்க்குக்கு எழுதி அனுப்பாமல் வைத்திருந்த கடிதங்களை நீல்ஸ் போரின் குடும்பத்தினர் 2002-இல் முன்கூட்டியே வெளியிட்டார்கள் என்பதிலிருந்து அதன் தாக்கத்தை உணரலாம்.

ஆனால் அமைப்பைப் பாருங்கள். ஒரே காட்சி, மீண்டும் மீண்டும். ஒவ்வொரு முறையும் பார்க்கும் கோணம் மாறுகிறது. ஒவ்வொரு முறையும் நாம் அறிவது மாறுகிறது. இரண்டையும் இயக்கியவர் அதே பிளேக்மோர்தான். ஒத்திகை பார்க்கும் நடிகர்களின் இடத்தில் இரண்டு இயற்பியலாளர்கள் நிற்கிறார்கள்; மத்தி மீன் தட்டின் இடத்தில் அணுகுண்டு இருக்கிறது. நகைச்சுவைக்காகக் கண்டுபிடித்த கருவியை அவர் வேறொரு வேலைக்குப் பயன்படுத்தினார். அதன் பிறகும் 2012-இல் 'ஸ்கியோஸ்' என்ற ஆள்மாறாட்ட நகைச்சுவை நாவலை எழுதினார்.

கேள்வி: அவர் தோல்வியே கண்டதில்லையா? (மதுரை வாசகர்)

பதில்: கண்டிருக்கிறார். 'நாய்ஸஸ் ஆஃப்' நாடகத்தில் நடிகர்களைப் பின்புறமிருந்து காட்டியவர், 1990-இல் 'லுக் லுக்' என்ற நாடகத்தில் பார்வையாளர்களையே மேடையில் அமர்த்திக் காட்ட முயன்றார். அது விரைவிலேயே நிறுத்தப்பட்டது. பார்வையாளருக்கு மறைக்க வேண்டியது அதிகம் இல்லை. அவர்கள் எழுந்து வீட்டுக்குப் போய்விடலாம். நடிகருக்குத்தான், என்ன நேர்ந்தாலும் நாடகத்தைத் தொடர வேண்டிய கட்டாயம் இருக்கிறது. அந்தக் கட்டாயம் இல்லாத இடத்தில் ஃபார்ஸ் பிறப்பதில்லை என்பதே அந்தத் தோல்விக்கு நான் காணும் காரணம்.

கேள்வி: நாங்கள் சபாக்களில் நாடகம் போடும் சிறு குழு. 'நாய்ஸஸ் ஆஃப்' நாடகத்தைத் தமிழில் போட ஆசை. நேரம் கருதி முதல் பகுதியைச் சுருக்கிக்கொள்ளலாமா? (சென்னை வாசகர்)

பதில்: முதலில் உரிமை பெறுங்கள், ஆசிரியரின் முகவர்கள் வழியாக முறையான அனுமதி இன்றி மொழிபெயர்ப்பைத் தொடங்க வேண்டாம். அடுத்து, இடைவேளையில் முழு அரங்க அமைப்பையும் திருப்பி வைக்க முடியுமா என்று உங்கள் மேடை அமைப்பாளரிடம் கேளுங்கள். மாடியும் கீழ்த்தளமும் பல கதவுகளும் கொண்ட அமைப்பு அது. ஒன்பது நடிகர்கள் வேண்டும். ஒன்பது பேரும் ஓட வல்லவர்களாக இருக்க வேண்டும். அந்த உள்நாடகத்தில் வரும் ஆங்கிலேய நாட்டுப்புற வீடும் வரி ஏய்ப்புக்காக வெளிநாட்டில் வாழும் தம்பதியும் தமிழில் எவ்வாறு ஒலிப்பார்கள் என்பதையும் யோசித்துக்கொள்ளுங்கள்.

பிரதியை வெட்டுவதைப் பற்றி ஒரு செய்தி சொல்கிறேன். பிராக் நகரில் இந்த நாடகத்தை மூன்றாம் பகுதியே இல்லாமல் பல ஆண்டுகள் நடத்திவந்தார்கள் என்றும், தாம் அங்கே போகும்வரை அதை யாரும் கவனிக்கவில்லை என்றும் ஃப்ரேன் எழுதியிருக்கிறார். மூன்றாம் பகுதி எழுதுவதற்கு அவருக்கு மிகுந்த தொல்லை தந்தது. அரங்கேற்றத்துக்குப் பிறகும் அதன் முடிவை மாற்றிக்கொண்டே இருந்தார். 2000-இல் நேஷனல் தியேட்டர் மீண்டும் மேடையேற்றியபோதும் பிரதியைத் திருத்தினார். ஆக, மூன்றாம் பகுதி இல்லாமல்கூட நாடகம் எப்படியோ நின்றிருக்கிறது. முதல் பகுதி இல்லாமல் நிற்காது. மத்தி மீன் தட்டு எங்கே இருக்க வேண்டும் என்று பார்வையாளர் அங்கேதான் கற்றுக்கொள்கிறார். ஆகவே அதில் ஒரு வரியையும் குறைக்காதீர்கள், ஒத்திகை நாள்களில் பெரும்பங்கை வசனமில்லாத இரண்டாம் பகுதிக்கு ஒதுக்குங்கள்.